நவீன வாழ்க்கையின் நெருக்கடியைச் சொல்லும் பரிசோதனைக் குறும்படத்தைக் காவிரி டெல்டாவில் எடுக்க முடியுமா?

தாராளமாக எடுக்கலாம், ஆனால் நெருக்கடி என்றாலே வேகம்தான் என்ற எண்ணத்தை முதலில் விட்டுவிட வேண்டும். கும்பகோணம், தஞ்சாவூர்ப் பக்கத்து மாணவர்கள் எடுத்து நான் பார்த்த குறும்படங்களில் சென்னையின் மின்சார ரயிலும் கடிகார முள்ளுமே திரும்பத் திரும்ப வருகின்றன. (அந்த முள்ளுக்குச் சில ஆண்டுகள் ஓய்வு கொடுக்கலாம்.)

வேகத்தால் சாதித்தவர்கள் உண்டு. கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் பணியாற்றிய ஆர்தர் லிப்செட், பிறர் கழித்துப் போட்ட ஒலிநாடாத் துண்டுகளை முதலில் கோத்து, அவற்றின்மேல் நிழற்படங்களை அடுக்கி, 1961இல் ‘வெரி நைஸ், வெரி நைஸ்’ என்ற சுமார் 7 நிமிடப் படத்தை உருவாக்கினார். ஒரு குரல் பாதியில் அறுபட்டு அடுத்த குரல் நுழைய நுழைய, பார்ப்பவருக்கு மூச்சு முட்டுகிறது. இந்தியாவில் இயக்குநர் பிரமோத் பதி, அரசின் ஆவணப்படப் பிரிவான பிலிம்ஸ் டிவிஷனுக்காகவே 1968இல் ‘எக்ஸ்ப்ளோரர்’ எடுத்தார். அதிலும் கண் நிலைகொள்ள இடமில்லாத வெட்டுகள்தான்.

டெல்டாவின் அழுத்தம் காத்திருப்பில் இருக்கிறது. ஜூன் 12 அன்று பாசனத்துக்கு மேட்டூர் அணை திறக்குமா என்பதில் தொடங்கும் அது, அறுவடைக்குப் பின் அரசு நெல் கொள்முதல் நிலையத்து வாசலில் உச்சத்தை எட்டுகிறது. களத்தில் அம்பாரமாகக் கிடக்கும் நெல்லின்மேல் மேகம் கூடினால் தார்ப்பாயை இழுத்து மூடுவதும், வெயில் வந்தால் விலக்குவதுமாகப் பொழுது கழியும். ஒரு மணியை வாயில் போட்டுக் கடித்த சத்தத்திலேயே பதம் சொல்லிவிடக்கூடிய பெரியவர், ஈரப்பத மீட்டர் கொள்முதல் வரம்பான 17 சதவீதத்துக்கு மேல் காட்டிவிடக் கூடாதே என்று கைகட்டி நிற்பார். சட்டைப்பையில் நகைக்கடன் தவணைக்கான குறுஞ்செய்தி வந்து விழும். இதற்கு மேல் கதை எதற்கு?

லிப்செட்டிடமிருந்து வேகத்தை விட்டுவிட்டு முறையை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். “சாக்கு இன்னும் வரலையாம்”, “லாரி நாளைக்குத்தானாம்” என்பன போன்ற பேச்சுகளை, பேசுபவர்களின் அனுமதியோடு பதிவு செய்து, ஒலித்தடத்தை முதலில் முடித்துவிடுங்கள். பிறகு கேமராவை அம்பாரத்தின் எதிரே அசையாமல் நிறுத்துங்கள். பின்னணி இசை வேண்டாம். ஒரு சோக வயலின் நுழைந்தால் பார்ப்பவர் இரக்கப்பட்டுவிட்டு எழுந்து போய்விடுவார். காட்சியை எங்கே வெட்டுவது என்பதுதான் கடினம்: பார்ப்பவர் நாற்காலியில் நெளியத் தொடங்கிய பிறகும் சற்று நேரம் விட்டுவைத்து, அதன் பின்னரே வெட்ட வேண்டும்.