கணினி கேள்வி – பதில்: ஆக்டிவேட்டரை ஓட்டிவிட்டேன், என்ன செய்வது?

கேள்வி: பழைய லேப்டாப் ஒன்று வாங்கினேன். திரை மூலையில் 'ஆக்டிவேட் விண்டோஸ்' என்று நின்றது. தெரிந்தவர் ஒருவர் அனுப்பிய ஆக்டிவேட்டரை (உரிமம் வாங்காமலே விண்டோஸை ஆக்டிவேட் செய்யும் புரோகிராம்), அவர் சொன்னபடி ஆன்ட்டிவைரஸை அணைத்துவிட்டு ஓட்டினேன். எழுத்து போய்விட்டது. ஆபத்து ஏதும் உண்டா?
– வாசகர், தேனி

பதில்: உண்டு. பெரிய நிறுவனங்கள் தங்கள் கணினிகளை ஆக்டிவேட் செய்ய கேஎம்எஸ் என்ற சர்வரை வைத்திருக்கும். அது தரும் அனுமதி 180 நாளுக்கு. பல ஆக்டிவேட்டர்கள் அந்த சர்வர் போல நடிப்பவை. விண்டோஸ் 11-ல் செட்டிங்ஸ், சிஸ்டம், ஆக்டிவேஷன் என்றும், விண்டோஸ் 10-ல் செட்டிங்ஸ், அப்டேட் அண்ட் செக்யூரிட்டி, ஆக்டிவேஷன் என்றும் போய்ப் பாருங்கள். சொந்த லேப்டாப்பில் 'உங்கள் நிறுவனத்தின் சர்வீஸ் மூலம் ஆக்டிவேட் ஆனது' என்ற பொருளில் ஆங்கில வரி இருந்தால், நடந்தது இதுதான்.

எழுத்து மறைந்ததால் ஃபைல் நல்லது என்று நம்பிவிடாதீர்கள். ஆக்டிவேஷனையும் செய்துவிட்டு, பின்னால் திருட்டையும் அதே ஃபைல் செய்யக்கூடும். கேஎம்எஸ்பிகோ என்ற ஆக்டிவேட்டரின் பெயரில் உலவிய ஃபைல்களில் கிரிப்ட்பாட் என்ற தகவல் திருடி இருந்தது 2021-ல் தெரியவந்தது. பாஸ்வேர்டு போட்ட ஜிப்பாக வந்ததா? ஸ்கேனர் உள்ளே பார்க்கக்கூடாது என்பதற்கான ஏற்பாடு அது. விண்டோஸ் செக்யூரிட்டியில் 'எக்ஸ்க்ளூஷன்ஸ்' (ஸ்கேன் செய்யாமல் விடுபவை) பட்டியலையும் திறந்து பாருங்கள். நீங்கள் சேர்க்காத ஃபோல்டர் அங்கே இருந்தால், ஆன்ட்டிவைரஸை மறுபடி போட்டும் பயனில்லை, அந்த ஃபோல்டரை அது தொடவே தொடாது.

பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளோடு குக்கீயும் (நீங்கள் லாகின் ஆகியிருப்பதை நினைவில் வைக்கும் சிறு தகவல்) போயிருக்கலாம். குக்கீ கையில் இருந்தால் ஓடிபி கேட்காமலே உங்கள் மெயிலுக்குள் நுழைய முடியும். எனவே முதலில் நெட்டைத் துண்டியுங்கள். பிறகு வேறொரு சாதனத்திலிருந்து மெயில், அடுத்து வங்கி என்ற வரிசையில் பாஸ்வேர்டுகளை மாற்றி, 'எல்லா சாதனங்களிலிருந்தும் வெளியேறு' என்பதையும் கொடுங்கள். பாதிக்கப்பட்ட லேப்டாப்பிலேயே மாற்றினால் புது பாஸ்வேர்டும் போய்விடும். பணம் போயிருந்தால் தாமதிக்காமல் சைபர் குற்ற உதவி எண் 1930-ஐ அழையுங்கள்.

ஆக்டிவேட்டரை மட்டும் நீக்குவது போதாது. ஆவணங்கள், படங்களை மட்டும் நகல் எடுங்கள், இஎக்ஸ்இ (புரோகிராம் ஃபைல்) எதுவும் வேண்டாம். வேறு கணினியில் மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து 8 ஜிபி பென் டிரைவில் விண்டோஸை ஏற்றி, பழைய பார்ட்டிஷன்களை (டிஸ்க்கின் பிரிவுகளை) அழித்துவிட்டு நிறுவுங்கள்.

கேள்வி: அப்படியானால் அந்த எழுத்து திரும்ப வந்துவிடாதா?

பதில்: வராமலும் போகலாம். விண்டோஸ் 10, 11 உடன் விற்ற லேப்டாப்களில் பெரும்பாலும் விண்டோஸின் உரிம எண்ணான கீ மதர்போர்டிலேயே பதிந்திருக்கும். ஹோம் எடிஷனோடு வந்ததென்றால் ஹோமையே நிறுவி நெட்டை இணையுங்கள், தானாக ஆக்டிவேட் ஆகும். அதில் யாரோ ப்ரோ எடிஷனைப் போட்டுக் கொடுத்ததுகூட அந்த எழுத்துக்குக் காரணமாக இருக்கலாம்.