பீட்டர் வாகன்: கேள்வி பதில்

கேள்வி: சார், 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' தொடரில் கண் தெரியாத மேஸ்டர் (அறிஞரும் வைத்தியருமானவர்) ஏமனாக வந்த பெரியவர் யார்? வேறெதிலும் பார்த்த ஞாபகமே இல்லை.

பதில்: பிரிட்டிஷ் நடிகர் பீட்டர் வாகன். 1923இல் இங்கிலாந்தின் ஷ்ராப்ஷயரில், வெம் என்ற சிற்றூரில் பிறந்தவர். இயற்பெயர் பீட்டர் ஓம். 2011இல் அந்தத் தொடர் தொடங்கியபோது அவருக்கு 88 வயது. நிஜத்திலும் பார்வை வெகுவாக மங்கியிருந்தது. ஆனால் நீங்கள் அவரை வேறெங்கோ பார்த்திருப்பீர்கள், பெயரைத்தான் கவனித்திருக்க மாட்டீர்கள்.

கேள்வி: நாடக மேடையிலிருந்து வந்தவரா?

பதில்: ஆமாம், வுல்வர்ஹாம்ப்டன் நாடகக் குழுவில்தான் ஆரம்பம். நடுவில் இரண்டாம் உலகப் போர். ராணுவத்தின் சிக்னல்ஸ் பிரிவில் நார்மண்டி, பெல்ஜியம், பிறகு தூரக்கிழக்கு என்று போய்வந்தார்.

கேள்வி: அண்ணா, 'போரிட்ஜ்' தொடரில் ஜெயிலையே ஆட்டிவைக்கும் கைதி க்ரௌட்டியும் இவர்தானே? எத்தனை எபிசோடில் வருகிறார்?

பதில்: மூன்றே மூன்று! பிறகு 1979இல் அதே பெயரில் வந்த திரைப்படம். 1974 முதல் 1977 வரை பிபிசியில் ஓடிய சிறைச்சாலை நகைச்சுவைத் தொடர் அது. நாயகன் ரோனி பார்க்கர். ஆனாலும் க்ரௌட்டி தொடர் முழுக்க இருந்ததுபோலத்தான் எல்லோருக்கும் நினைவு. காரணம், அவன் கத்தி மிரட்டுவதில்லை. சகல வசதியோடும் தன் அறையில் உட்கார்ந்துகொண்டு அன்பாக நலம் விசாரிப்பான். எதிரே நிற்பவனுக்கு அடிவயிறு கலங்கும். கனத்த உடம்பு, சின்னக் கண்கள், அசையாத முகம்; வாகனுக்கு அதுவே போதும்.

கேள்வி: ஆயுசு முழுக்க வில்லன் வேடம்தானா? பாவமாக இருக்கிறது.

பதில்: முரடர்களாக நிறைய நடித்தார், உண்மை. 1971இல் வந்த 'ஸ்ட்ரா டாக்ஸ்' படத்தில் குடித்துவிட்டு வீட்டை முற்றுகையிடும் டாம் ஹெடன் ஒருவனே சாட்சி. 'டைம் பேண்டிட்ஸ்' படத்தில் முதுகுவலிக்கார ராட்சசன்!

ஆனால் என்னைக் கேட்டால், அவருடைய உச்சம் 1993இல் வந்த 'தி ரிமெய்ன்ஸ் ஆஃப் தி டே'. அந்தோணி ஹாப்கின்ஸுக்கு அப்பா. நிஜத்தில் இருவருக்கும் 14 வயதுதான் வித்தியாசம், படத்தில் ஒரு கணம்கூட அது தோன்றாது. மகன் தலைமைப் பணியாளாக இருக்கும் மாளிகையில் அப்பாவும் வேலைக்கு வருகிறார். தட்டோடு தடுக்கி விழுகிறார். இனிமேல் தட்டுத் தூக்க வேண்டாம் என்று மகனே வந்து சொல்ல நேர்கிறது. கிழவர் கெஞ்சவில்லை, தரைக்கல் சரியில்லை என்கிறார். க்ரௌட்டியிடம் நம்மைப் பயமுறுத்திய அதே அசையாத முகம், இங்கே தொண்டையை அடைக்க வைக்கிறது. 1996இல் 'அவர் ஃப்ரெண்ட்ஸ் இன் தி நார்த்' தொடரில் ஞாபகம் அழிந்துகொண்டே போகும் தந்தை ஃபீலிக்ஸாக வந்ததையும் இதோடு சேர்த்துப் பாருங்கள்.

கேள்வி: குடும்பம்?

பதில்: முதல் மனைவி நடிகை பில்லி வைட்லா. மணமுறிவுக்குப் பின் நடிகை லிலியஸ் வாக்கரை மணந்தார்.

கேள்வி: ஏமன்தான் கடைசி வேடமா ஐயா?

பதில்: ஆமாம். 2015இல் ஏமன் சாகும் காட்சிதான் அவருடைய பெரிய விடைபெறல். 2016 டிசம்பரில், 93 வயதில் காலமானார்.

கேள்வி: அவரைப் பார்க்க எதில் தொடங்கலாம்?

பதில்: நேரம் குறைவென்றால், 1972 கிறிஸ்துமஸுக்கு பிபிசி ஒளிபரப்பிய பேய்க்கதை, 'எ வார்னிங் டு தி க்யூரியஸ்'. வேலை போன குமாஸ்தா ஒருவன், கடலோரத்தில் புதைந்திருக்கும் பழைய கிரீடத்தைத் தோண்டப் போகிறான். துரத்துவது இவரல்ல, துரத்தப்படுவதுதான் இவர். அபூர்வமாகக் கிடைத்த நாயக வேடம். ராத்திரியில் பாருங்கள்.