யூதர்களின் துயரமும் தொலைக்காட்சித் தொடரும் – கடிதம்

அன்புள்ள ஐயா,

1978இல் அமெரிக்காவில் வெளிவந்த ‘ஹோலோகாஸ்ட்’ தொடரை அண்மையில் பார்த்தேன். பல இடங்களில் அழுதேன். அழுது முடித்ததும் கூச்சமாக இருந்தது. ஹிட்லரின் நாஜி அரசு கொன்ற 60 லட்சம் யூதர்களின் சாவை ஒரு குடும்பக் கதையாகச் சுருக்கி நம்மை அழவைப்பது முறையா?

கா.

அன்புள்ள கா.,

உங்கள் கூச்சம் நியாயமானது. ஆஷ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிர்தப்பிய எழுத்தாளர் எலி வீசல், தொடர் ஒளிபரப்பான அதே ஏப்ரலில் நியூயார்க் டைம்ஸில் அதைக் கடுமையாகச் சாடினார். அந்தப் பேரழிவை அது மலினப்படுத்துகிறது என்றார். நச்சுவாயு அறையின் வாசல்வரை நடிகர்களை நடத்திச்செல்லும் காட்சிகளில் அவர் பக்கமே நானும் நிற்பேன்.

ஆனால் தொடரின் வலு அங்கே இல்லை. 1935இல் பெர்லினில் யூத மருத்துவர் வைஸின் மகன் ஒரு கிறித்தவப் பெண்ணை மணக்கும் விருந்தில் கதை தொடங்குகிறது. அதே ஆண்டு செப்டம்பரில் நாஜி அரசு கொண்டுவந்த நியூரம்பர்க் சட்டங்கள் அத்தகைய திருமணங்களையே குற்றமாக்கின. 1938இல் யூத மருத்துவர்களின் உரிமம் பறிபோனது. 1939 தொடங்கியபோது, யூதர் என்று தெரியாத பெயர் கொண்ட ஆண்கள் ‘இஸ்ரேல்’ என்றும் பெண்கள் ‘சாரா’ என்றும் பெயரோடு சேர்த்தே எழுதவேண்டியிருந்தது. கொலைக்கு முன்பு இத்தனை அரசாணைகள், இத்தனை முத்திரைகள், அவற்றுக்குப் பின்னால் மாதச் சம்பளம் வாங்கிய இத்தனை கைகள். தொடரில், வேலையில்லாமல் இருந்து நாஜிகளின் எஸ்.எஸ். படையில் சேரும் வழக்கறிஞர் டோர்ஃப், கொலையைக் கூசாமல் சொல்ல மழுப்பலான சொற்களைத் தேடித்தருவதாலேயே மேலே ஏறுகிறான். அவனைப் பார்க்கையில் எனக்கு அழுகை வரவில்லை, வயிற்றைப் பிசைந்தது.

மேற்கு ஜெர்மனியில் 1979 ஜனவரியில் நான்கு இரவுகளாக இது ஒளிபரப்பானபோது ஏறத்தாழ 2 கோடிப் பேர் பார்த்தார்கள். ஆயிரக்கணக்கானோர் தொலைபேசியில் அழைத்தார்கள், சிலர் திட்ட, பலர் கேள்வி கேட்க. அதற்கு முன்பே ஒளிபரப்பு நிலையங்களில் தீவிர வலதுசாரிகள் குண்டு வைத்திருந்தார்கள். அந்த ஜூலையில் நாடாளுமன்றம் கொலைக்குற்றத்துக்கு வழக்குத் தொடர்வதற்கான காலவரம்பை நீக்கியது. அந்த விவாதம் முன்பே நடந்துகொண்டிருந்ததுதான், எனவே முழுப் பெருமையையும் தொடருக்குத் தரமாட்டேன். ஆனால் வரலாற்று நூல்கள் எட்டாத வரவேற்பறைகளை அது எட்டியது.

மறுபடி பார்த்தால் பியானோவைக் கவனியுங்கள். வைஸ் குடும்பத்துப் பியானோ பிற்பாடு டோர்ஃபின் வீட்டில் நிற்கிறது. நாடுகடத்தப்பட்ட யூதர்களின் வீட்டுச் சாமான்கள் ஹாம்பர்க்கில் உண்மையாகவே பொது ஏலத்தில் போயின. வாங்கியவர்களில் பெரும்பாலோர் சாதாரணக் குடும்பத்தினர்.