வேர்க் பெர்மிற் வரும்வரை வெல்ஃபெயர் எடுத்தால் அகதிக் கேஸ் பழுதாகுமா?

தம்பி, நீங்கள் கேட்டது இதுதான்: கனடாவில், ரொறன்ரோவின் ஸ்காபரோவில் ஒரு பேஸ்மென்றில் மனைவியுடனும் நாலு வயதுப் பிள்ளையுடனும் இருக்கிறீர்கள். அகதிக் கோரிக்கை கொடுத்தாயிற்று. வேர்க் பெர்மிற் (வேலை செய்யும் அனுமதி) இன்னும் வரவில்லை, கொண்டுவந்த காசு முடியப்போகிறது. வெல்ஃபெயர், அதாவது அரசு தரும் உதவிப் பணம், எடுத்தால் கேஸ் பழுதாகும் என்று ஆரோ சொன்னதால் விண்ணப்பிக்கத் தயங்குகிறீர்கள்.

பழுதாகாது. திரும்பிப் போனால் உங்களுக்கு என்ன ஆபத்து என்பதைத்தான் அகதிச் சபை பார்க்கிறது. நீங்கள் எதில் சாப்பிட்டீர்கள் என்று அது கேட்பதில்லை. கேஸ் வென்று நிரந்தர வதிவுரிமைக்குப் போகும்போதும், பாதுகாக்கப்பட்டவர் என்று ஏற்றுக்கொண்ட ஒருவரை அரச உதவி எடுத்தார் என்பதற்காக மறுக்கச் சட்டத்தில் இடமில்லை. பயப்பட வேண்டிய இடம் வேறு. பிற்காலத்தில் பெற்றோரையோ வேறு உறவினரையோ கனடாவுக்குக் கூப்பிட ஸ்பொன்சர் பண்ணும் நேரத்தில் நீங்கள் வெல்ஃபெயரில் இருந்தால் ஸ்பொன்சர் பண்ண முடியாது. இயலாமை காரணமாக எடுப்பவருக்கு மட்டும் விலக்கு உண்டு. ஊரில் விட்டுவந்த சொந்தப் பிள்ளை இருந்தால், உங்களுடைய வதிவுரிமை விண்ணப்பத்திலேயே அந்தப் பிள்ளையையும் சேர்க்கலாம். அது ஸ்பொன்சர் கணக்கில் வராது.

எனவே இன்றைக்கே விண்ணப்பியுங்கள். கையில் இருப்பது கரையும்வரை பொறுத்திருப்பதால் லாபம் எதுவும் இல்லை, விண்ணப்பிக்காமல் கழித்த மாதங்களுக்குப் பின்னோக்கிக் காசு தரமாட்டார்கள். ஒன்ராறியோ வேர்க்ஸ் என்பதுதான், ரொறன்ரோ இருக்கும் ஒன்ராறியோ மாகாணத்தில் நாங்கள் வெல்ஃபெயர் என்று சொல்லும் திட்டத்தின் பெயர். இணையத்திலும் விண்ணப்பிக்கலாம், தொலைபேசியிலும் விண்ணப்பிக்கலாம். எங்கே தொடங்குவது என்று தெரியாவிட்டால் 211 என்ற உதவித் தகவல் எண்ணை அழைத்துத் தமிழ் வேண்டும் என்று சொல்லுங்கள். கேஸ் வேர்க்கருடன் (உங்கள் கோப்பைப் பார்க்கும் வெல்ஃபெயர் அலுவலருடன்) பேசும்போதும் மொழிபெயர்ப்பாளரைக் கேளுங்கள். விளங்காத கேள்விக்கு "யெஸ்" சொல்லிவிட்டு, அந்தப் பதில் கோப்பில் ஏறியபின் மாற்றுவது பெரும் பாடு.

சின் நம்பர் (வேலைக்கும் வரிக்கும் வேண்டிய சமூகக் காப்புறுதி எண்) இல்லை என்பதற்காக நிற்க வேண்டாம், அது உங்களுக்கு வேர்க் பெர்மிற்றுக்குப் பிறகுதான் வரும். குடிவரவு மருத்துவப் பரிசோதனை முடியாமல் பெர்மிற்றும் வராது, அதைப் பின்போடாதீர்கள். வெல்ஃபெயருக்கு வேண்டியவை: அகதிக் கோரிக்கையாளர் பத்திரம் அல்லது கோரிக்கை கிடைத்ததற்கான கடிதம், மூன்று பேரின் அடையாளப் பத்திரங்கள், வங்கிக் கணக்கு விபரம், வாடகைக்கான அத்தாட்சி. உங்கள் தாள்களுக்குள் நிபந்தனையுடன் கூடிய வெளியேற்றக் கட்டளை ஒன்றும் இருக்கும். அதைக் கண்டு கலங்க வேண்டாம். கோரிக்கையாளர் எல்லோருக்கும் அதைக் கொடுப்பார்கள், கேஸ் முடியும்வரை அது நடைமுறைக்கு வராது. அதைக் காரணம் காட்டி உதவியை மறுத்தால் அந்த முடிவு பிழை.

எவ்வளவு கிடைக்கும்? தம்பதியும் ஒரு பிள்ளையும் என்றால் அடிப்படைத் தேவைக்கு மாதம் 494 டொலர், வாடகைக்கு அதிகபட்சம் 697, மொத்தம் 1,191. இந்தத் தொகை 2018இலிருந்து ஏறவேயில்லை. ரொறன்ரோ வாடகைக்கு இது காணாது என்பது எல்லோருக்கும் தெரியும், அதனால்தான் அடுத்து வருவதைத் தவறவிடக்கூடாது. அகதிக் கோரிக்கையாளருக்குக் கனடா பிள்ளைக் கொடுப்பனவு கிடைக்காது. அது கிடைக்காத பிள்ளைக்கு, ஒன்ராறியோ வேர்க்ஸ் மாதம் 230 டொலர் வரை இடைக்காலப் பிள்ளைக் கொடுப்பனவு தருகிறது. பெயர் சொல்லியே கேளுங்கள், முதல் கொடுப்பனவில் அது இருக்கிறதா என்று பாருங்கள். மனைவி கர்ப்பமாக இருந்தால் அல்லது பால் கொடுத்தால் மாதம் 40 டொலர் உண்டு. சலரோகம் போன்ற நோய்க்கு விசேட உணவுப் பணம் உண்டு, அதற்கான படிவத்தை டொக்டர் நிரப்ப வேண்டும். கேஸ் வென்றவுடன் கனடா பிள்ளைக் கொடுப்பனவுக்கு விண்ணப்பியுங்கள். அந்தக் காசை வருமானமாகக் கணக்கெடுத்து வெல்ஃபெயரில் கழிக்க மாட்டார்கள்.

அதிகம் பேர் அகப்பட்டுக்கொள்வது வாடகையில். வீட்டுக்காரர் வரிக்குப் பயந்து ரசீது தரமாட்டேன் என்பார். அத்தாட்சி இல்லாவிட்டால் அந்த 697இல் ஒரு சதமும் வராது. ஒன்ராறியோ வாடகைச் சட்டப்படி குடியிருப்பவர் கேட்டால் ரசீதை இலவசமாகக் கொடுத்தே ஆகவேண்டும். ஆனால் குசினியையோ குளியலறையையோ வீட்டுக்காரரின் குடும்பத்துடன் பகிர்ந்தால் அந்தச் சட்டம் உங்களைக் காக்காது. அப்படியென்றால் பெயர், முகவரி, வாடகைத் தொகை எழுதிய ஒரு கடிதமாவது வாங்கிவிடுங்கள், வாடகையைக் கையில் கொடுக்காமல் வங்கி வழியாக அனுப்புங்கள். உறவினர் வீட்டில் சாப்பாட்டுடன் தங்குபவருக்குக் கணக்கு வேறு, தொகை குறையும். தனிச் சமையல் என்றால் அதை முதலிலேயே தெளிவாகச் சொல்ல வேண்டும்.

அடுத்தது வங்கிக் கணக்கு. உங்கள் கணக்கில் விழும் எந்தத் தொகையையும் உங்கள் வருமானமோ என்றுதான் முதலில் பார்ப்பார்கள். மச்சானின் சீட்டுக் காசு, ஆருக்கோ மாற்றிக் கொடுக்கும் உண்டியல் காசு, தமையனுடன் சேர்ந்து வைத்த கணக்கு எல்லாம் இதற்குள் அடங்கும். பிறர் காசுக்கு உங்கள் கணக்கை ஒருபோதும் கொடுக்காதீர்கள். அண்ணை லண்டனிலிருந்து கடனாக அனுப்பினால் அது கடன்தான் என்று கடிதம் எழுதுவித்து வையுங்கள். சொத்து வரம்பு தம்பதிக்கு 15,000 டொலர், பிள்ளைக்கு மேலும் 500. ஊரில் காணி இருந்தால் அதையும் சொல்ல வேண்டும். வழக்கில் கிடக்கிறது, விற்க முடியாது என்றால் அதற்கான ஆவணத்துடன் சொல்லுங்கள். மறைத்துப் பின்னர் தெரியவந்தால் எடுத்த காசைத் திருப்பிக் கட்ட வேண்டிவரும்.

பெர்மிற் வந்து வேலைக்குப் போனால் உடனே சொல்லுங்கள். வெல்ஃபெயர் எடுக்கத் தொடங்கிய முதல் மூன்று மாதத்துக்குள் உழைப்பதை அப்படியே கழிப்பார்கள், அதற்குப் பிறகுதான் சலுகை தொடங்கும்: கையில் வரும் சம்பளத்தில் முதல் 200 டொலரைத் தொடமாட்டார்கள், மிச்சத்தில் பாதியைத்தான் கழிப்பார்கள். 600 உழைத்தால் 200 கழியும், வேலை செய்வதால் நட்டமில்லை. கைக்காசு வேலை என்று மறைக்கச் சொல்பவர் பேச்சைக் கேட்காதீர்கள். மாத வருமான அறிக்கையைப் பிந்திக் கொடுத்தால் காசு நிற்கும்.

வீடு மாறும்போதும் கவனம். ரொறன்ரோவின் கோப்பு ரொறன்ரோவோடு சரி. மார்க்கம் போனால் யோர்க் பிராந்தியத்தின் அலுவலகம், ஏஜக்ஸ் அல்லது பிக்கரிங் என்றால் டேர்ஹம், பிரம்ரன் என்றால் பீல். மாறுவதற்கு முன்னரே கேஸ் வேர்க்கரிடம் சொல்லாவிட்டால் இரண்டு அலுவலகங்களுக்கு நடுவில் ஒரு மாதக் காசு தொங்கிவிடும்.

மறுத்தால், அல்லது குறைத்தால், தொலைபேசியில் சொன்னதோடு விட்டுவிடாமல் முடிவைக் கடிதமாகக் கேளுங்கள். கடிதம் கிடைத்து 30 நாளுக்குள் உள் மீளாய்வை, அதாவது அதே அலுவலகம் தன் முடிவைத் திரும்பப் பார்ப்பதை, எழுத்தில் கேட்க வேண்டும். அதிலும் சரிவராவிட்டால் சமூக நலன் தீர்ப்பாயத்துக்கு முறையிட இன்னொரு 30 நாள் உண்டு. முறையீடு முடியும்வரை இடைக்கால உதவி வேண்டும் என்று அந்தப் படிவத்திலேயே கேட்கலாம், ஆனால் தோற்றால் அதைத் திருப்பிக் கேட்பார்கள். இதற்கெல்லாம் வழக்கறிஞருக்குக் காசு கட்டத் தேவையில்லை. லீகல் எய்ட் ஒன்ராறியோவின் பணத்தில் நடக்கும் சமூகச் சட்ட உதவி நிலையங்கள் வெல்ஃபெயர் முறையீடுகளை இலவசமாக எடுத்து நடத்துகின்றன. கடிதம் வந்த அன்றே அங்கே கொண்டுபோய்க் காட்டுங்கள்.