அப்பாயி நடந்து வந்த காட்டு வழி

வாசகி கேள்வி:

நாங்கள் நீலகிரி மாவட்டம் சேரம்பாடியில் இருக்கிறோம். என் அப்பாயி இலங்கையில் பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர். 1974-ல் தாத்தாவோடும் ஏழு வயது அப்பாவோடும் கப்பலேறி வந்து, டேன்டீ என்ற தமிழ்நாடு அரசுத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்தெடுக்கச் சேர்ந்தார். இப்போது வயது 79. இரண்டு வருடமாக ஞாபகம் தப்பிக்கொண்டே போகிறது. காலையில் சாப்பிட்டது மறந்துவிடுகிறது. ஆனால் விடியும் முன்னே எழுந்து, "பெரட்டுக்கு நேரமாச்சு" என்று, காலையில் தோட்டத்தில் ஆள் கணக்கெடுக்கும் இடத்துக்குப் போவதற்காக, தலையில் போர்த்தும் கொங்காணியைத் தேடுகிறார். என் மகளை மடியில் வைத்துக்கொண்டு, "மன்னார்லேருந்து காட்டு வழியா நாங்க நடந்தே வந்தோம். வழியில தேத்தண்ணி வச்சுக் குடிச்சோம். கூட வந்தவங்க பாதிப் பேரு செத்துப் போனாங்க" என்று கதை சொல்கிறார். அப்பாவுக்குக் கோபம் வந்துவிடுகிறது. "ஒன் காலத்துல கோச்சி ஓடுச்சு, எதுக்கும்மா புள்ளகிட்ட பொய் சொல்ற" என்கிறார். கோச்சி என்றால் ரயில். மற்றபடி அவர் இலங்கையைப் பற்றி வாயே திறப்பதில்லை.

நான் இலங்கையைப் பார்த்ததே இல்லை. ஆனாலும் பள்ளிக்கூடத்தில் படித்த காலத்திலிருந்து இன்றுவரை எங்களுக்குச் 'சிலோன்காரங்க' என்றுதான் பெயர். போன வாரம் மகளுக்கு 'என் சொந்த ஊர்' என்று பத்து வரி எழுதிவரச் சொல்லியிருந்தார்கள். சொல்லிக்கொடுக்க உட்கார்ந்தால் எனக்கே பதில் தெரியவில்லை. நான் பார்க்காத ஊரின் நினைவு என்னுடையதாகுமா? அப்பாயி சொல்வதை மகள் நம்பட்டுமா, நான் திருத்த வேண்டுமா?

– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, பந்தலூர் வட்டம்

பதில்:

அன்புச் சகோதரிக்கு,

உங்கள் அப்பாயி பொய் சொல்லவில்லை. அப்பா கணக்குப் பார்த்துச் சொல்வதும் தப்பில்லை. 1914-ல் பாம்பன் பாலம் திறந்தபின் தனுஷ்கோடி வரை ரயில், அங்கிருந்து தலைமன்னாருக்குக் கப்பல், இறங்கினால் மறுபடி ரயில் என்று வழி வந்துவிட்டது. பொகவந்தலாவைத் தோட்டத்திலேயே பிறந்த உங்கள் அப்பாயி மன்னார்க் காட்டை நடந்து கடந்திருக்க முடியாது.

ஆனால் நடந்தவர்கள் இருந்தார்கள். 1820-களில் கண்டிச் சீமையில் வெள்ளைக்காரர்கள் கோப்பி, அதாவது காபித் தோட்டம் போட ஆரம்பித்த பிறகு திருச்சி, புதுக்கோட்டை, மதுரை, சேலம் பக்கத்துக் கிராமங்களிலிருந்து ஆள் சேர்த்து வேலை வாங்கிய கங்காணிகளின் பின்னால் ஜனங்கள் கூட்டங்கூட்டமாகப் போனார்கள். கடலைத் தாண்டி மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளை வரை நடை. தண்ணீர் கிடையாது. காலராவும் காய்ச்சலும் ஆயிரக்கணக்கானவர்களை வழியிலேயே கொண்டுபோயின. உங்கள் அப்பாயியின் பாட்டியோ, அந்தப் பாட்டிக்குப் பாட்டியோ அந்தக் கூட்டத்தில் ஒருத்தியாக இருந்திருக்கலாம். அவள் தன் பேத்திக்குச் சொல்லி, அந்தப் பேத்தி தன் பேத்திக்குச் சொல்லி, இன்றைக்கு அது சேரம்பாடியில் உங்கள் மகளின் காதுக்கு வந்திருக்கிறது. இடையில் எங்கோ, அவர்களுக்கு நடந்தது தனக்கே நடந்ததாக அப்பாயியின் மனதில் ஒட்டிக்கொண்டுவிட்டது.

அந்தத் தேத்தண்ணியைக் கவனியுங்கள். அதுதான் எனக்கு உங்கள் கடிதத்தில் மிகவும் பிடித்த இடம். ஜேம்ஸ் டெய்லர் என்பவர் லூல்கந்துர தோட்டத்தில் தேயிலை பயிரிட்டது 1867-ல். அதற்குப் பின்புதான், இலைநோய் வந்து கோப்பி அழிய அழிய, அந்த மலைகளில் தேயிலை ஏறியது. கோப்பிக் காலத்தில் மன்னார்க் காட்டில் நடந்தவர்கள் தேத்தண்ணியைக் கண்ணால்கூடப் பார்த்திருக்கமாட்டார்கள். பிற்காலத்தில் கதை சொன்ன யாரோ ஒருத்தி, களைத்து உட்கார்ந்தவர்களுக்குத் தன் வீட்டில் என்ன கிடைக்குமோ அதைக் கொடுத்திருக்கிறாள். பிரெடரிக் பார்ட்லெட் என்ற ஆங்கிலேய உளவியலாளர் 1932-ல் எழுதிய நூலில் இதைத்தான் காட்டினார். அமெரிக்கப் பழங்குடிகளின் கதை ஒன்றைப் படிக்கக் கொடுத்து, சில நாள் கழித்துத் திரும்பச் சொல்லச் சொன்னார். சொன்னவர்கள் தங்களுக்குப் பழக்கமில்லாததையெல்லாம் பழகியதாக மாற்றிவிட்டார்கள். கதையில் வந்த மரத்தோணி சாதாரணப் படகானது. நினைவு ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டப்படுகிறது, கட்டுகிறவர் கைக்கு எட்டிய பொருளை வைத்துக் கட்டுகிறார் என்பது அவர் முடிவு. எனவே உங்கள் வீட்டுக் கதையில் தேத்தண்ணி பிற்காலத்துச் சேர்க்கை. நடையும் சாவும் நடந்தவை.

மறுபக்கமும் உண்டு. கோப்பி போய் வெகுகாலத்துக்குப் பிறகும், வாழ்நாள் முழுக்கத் தேயிலை மட்டுமே பறித்த பெண்கள் கோப்பிப் பழம் பறித்த பாட்டுகளைப் பாடிக்கொண்டிருந்தார்கள். இலங்கையின் மலைத்தோட்டப் பகுதியான மலையகத்தின் நாட்டுப்பாடல்களைத் தொகுத்தவர்கள் அவற்றைப் பதிவு செய்திருக்கிறார்கள். பாடினவர்களில் ஒருத்திகூடக் கோப்பித் தோட்டத்தில் வேலை செய்ததில்லை. அந்தப் பாட்டு அவர்களுடையது இல்லை என்று யாராவது சொல்வார்களா? 2023-ல், மலையகத் தமிழர் இலங்கைக்கு வந்து 200 வருடம் என்று நினைவுகூர்ந்தபோது, ஜூலைக் கடைசியில் தலைமன்னாரில் புறப்பட்டு ஆகஸ்டில் மாத்தளை வரை நடந்தே போனார்கள். பஸ் ஓடும் காலத்தில் ஏன் நடந்தார்கள்? முன்னோர் நடந்ததைத் தங்கள் காலிலும் உணர வேண்டும் என்றுதான். அவர்கள் காலால் செய்ததை உங்கள் அப்பாயி வாயால் செய்கிறார். பார்க்காத ஊரின் நினைவு என்னுடையதாகுமா என்று கேட்டீர்கள். ஆகும். ஒருவர் உங்களுக்கென்று சொல்லி, நீங்கள் உட்கார்ந்து கேட்டிருந்தால் ஆகும். ஒரு சமூகத்தின் நினைவு இப்படிக் கைமாறித்தான் வந்திருக்கிறது.

இதை நான் இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. 1948-ல் இலங்கை கொண்டுவந்த குடியுரிமைச் சட்டம், அங்கே பிறந்தவர்களிடமும் தகப்பன் அங்கேதான் பிறந்தான், இல்லாவிட்டால் பாட்டனும் பூட்டனும் அங்கேதான் பிறந்தார்கள் என்பதற்கு அத்தாட்சி கேட்டது. லயத்தில், அதாவது தோட்டத்து வரிசை வீடுகளில், பிறந்த எத்தனை பேருக்குப் பிறப்புப் பதிவு இருந்திருக்கும்? எந்தத் தோட்டம், எந்தக் கங்காணி, எந்த மழைக்காலம் என்று அவர்களால் சொல்ல முடிந்தது. காகிதம் காட்ட முடியவில்லை. லட்சக்கணக்கானவர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள். 1964 அக்டோபர் 30-ல் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள்: 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பின்னால் பேசிக்கொள்ளலாம். 1974-ல் அந்த மீதியையும் சரிபாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். தோட்டத்து ஜனங்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. காகிதம் இல்லை என்பதால் பொய் என்று சொல்லப்பட்ட நினைவு அது. அதை உங்கள் வீட்டுக்குள்ளும் ஒருவர் பொய் என்று சொல்ல விடாதீர்கள்.

அதற்காக அப்பாவோடு சண்டைக்குப் போகவும் வேண்டாம். அவர் வந்தபோது ஏழு வயது. ஏழு வயதுப் பிள்ளைக்கு நிறையவே நினைவிருக்கும். மலையகத்திலிருந்து தலைமன்னாருக்கு அந்தக் குடும்பங்களை ஏற்றிக்கொண்டு போன ரயிலுக்கு 'ஒப்பாரிக் கோச்சி' என்றே பெயர். ஒரே குடும்பத்தில் அண்ணன் இந்தியா, தம்பி இலங்கை என்று பிரிந்தவர்கள் ஸ்டேஷனில் கட்டிப்பிடித்து அழுத அழுகை அப்படி. பிறகு கப்பல், மண்டபம் முகாம், ஏதோ ஒரு மலை. தாயகம் திரும்பியோர் என்று சர்க்கார் பெயர் வைத்தது. அங்கே இந்தியாக்காரன் என்று ஒதுக்கப்பட்ட பிள்ளையை இங்கே வகுப்பில் சிலோன்காரன் என்றார்கள். அதையெல்லாம் மறந்ததுபோல் இருந்துதான் அவர் இந்த ஊரில் ஆளாகியிருக்கிறார். அம்மா கதை சொல்லும்போதெல்லாம் மூடிவைத்தது திறந்துகொள்கிறது. கோபம் அங்கேயிருந்து வருகிறது என்றுதான் எனக்குப் படுகிறது.

அவரிடம் நேருக்கு நேர் உட்கார்ந்து இலங்கையைப் பற்றிச் சொல்லுங்கள் என்று கேட்காதீர்கள். வேலைக்கு நடுவில், சின்னதாக, கையில் பிடிக்கக்கூடிய ஒன்றைக் கேளுங்கள். கப்பலில் என்ன சாப்பிட்டீர்கள், லயத்துக் காம்பராவில், அதாவது அறையில், அடுப்பு எந்தப் பக்கம் இருந்தது, முன்திண்ணையான இஸ்தோப்பில் யார் படுப்பார்கள். பதில் சொன்னால் சந்தோஷம். சொல்லாவிட்டால் அடுத்த மாதம் வேறொன்றைக் கேட்கலாம்.

அப்பாயி விஷயத்தில் முதலில் டாக்டர். வயசானால் மறதி சகஜம் என்று விட்டுவிடக் கூடாது. பி12 சத்துக் குறைவு, தைராய்டு, சிறுநீர்த் தொற்று, சில மாத்திரைகள் ஆகியவற்றாலும் குழப்பம் வரும், இவற்றைச் சரிசெய்ய முடியும். அதெல்லாம் இல்லை, மறதி நோய்தான் என்றால், காலையில் சாப்பிட்டது மறந்து ஐம்பது வருடத்துக்கு முந்தைய தோட்டம் நினைவிருப்பது அந்த நோயில் வழக்கம். புதிய நினைவைப் பதியவைக்கும் பகுதிதான் மூளையில் முதலில் அடிபடுகிறது. இளவயதில் ஊன்றியவை பெரும்பாலும் அதைவிட நெடுநாள் தாக்குப்பிடிக்கின்றன, அதிலும் கைப்பழக்கம். ஒரு கட்டு முருங்கைக்கீரையை அவர் முன்னால் வைத்துப் பாருங்கள். இரண்டு இலையும் ஒரு மொட்டும் கிள்ளிக் கிள்ளிக் கூடையில் போட்ட விரல்கள் பேச்சுக்கு முன்னால் வேலையை ஆரம்பித்துவிடும்.

விடியற்காலையில் பெரட்டுக்குக் கிளம்பினால், இது சேரம்பாடி, தோட்டமெல்லாம் போயாச்சு என்று வாதாடாதீர்கள். அந்த நேரத்தில் அவர் தன் கடமையைத் தவறவிட்டுவிடுவோமோ என்ற பயத்தில் இருக்கிறார், நீங்கள் மறுத்தால் பயம்தான் கூடும். "இன்னிக்கு எந்த மலைக்கு அப்பாயி? யாரு கங்காணி?" என்று கேட்டுக்கொண்டே ஒரு தேத்தண்ணி போட்டுக் கொடுங்கள். கதவுக்கு மட்டும் அவர் கைக்கு எட்டாத உயரத்தில் ஒரு தாழ்ப்பாள் போட்டுவிடுங்கள். மலைப் பகுதி, மூடுபனி, யானை நடமாட்டம் வேறு.

இப்போது உங்கள் மகளின் பத்து வரி. சொந்த ஊர் சேரம்பாடி என்று தயங்காமல் எழுதட்டும். அவள் பிறந்து வளரும் ஊர் அது, உங்கள் அப்பாயி கொழுந்தெடுத்த ஊர் அது. ஐந்தாவது வரியிலோ ஆறாவது வரியிலோ பொகவந்தலாவை வரட்டும். திருச்சிப் பக்கம், சேலம் பக்கம் என்று அப்பாயிக்கு ஏதாவது கிராமப் பெயர் தெரிந்திருந்தால் அதுவும் வரட்டும். ஒருவருக்கு ஓர் ஊர்தான் இருக்க வேண்டும் என்று பள்ளிக்கூட நோட்டு சொல்லவில்லை. உங்களையே 'சிலோன்காரங்களா' என்று கேட்டால், அகதிகளாக வந்தவர்களோடு உங்களைக் குழப்பிக்கொள்கிறார்கள் என்பதையும் சொல்லிவிடுங்கள். 1983-க்குப் பின் போருக்குத் தப்பி வந்தவர்களின் துயரம் வேறு. உங்கள் குடும்பம் இந்தியக் கடவுச்சீட்டோடு, இந்தியக் குடிமக்களாக, இரண்டு அரசுகள் போட்ட ஒப்பந்தத்தின்படி வந்தது. பக்கத்து வீட்டுக்காரருக்கே பெரும்பாலும் இது தெரியாது.

மகளிடம் அப்பாயியைத் திருத்தாதீர்கள். கதை முடிந்தபின், தனியாக, "அப்பாயியோட பாட்டிங்க காலத்துல அப்படித்தான் நடந்து வந்தாங்க" என்று ஒரு வரி சேர்த்தால் போதும். வளர்ந்தபின் தேத்தண்ணிக் கணக்கை அவளே கண்டுபிடிப்பாள். அழுகைக் கதை மட்டும் அவளுக்குப் போய்ச் சேரக் கூடாது என்பதிலும் கவனம் வேண்டும். மாசியில் தோட்டத்தில் நடக்கும் காமன் கூத்து, ரொட்டியும் தேங்காய்ச் சம்பலும், தீபாவளிக்கு முந்தைய ராத்திரி லயத்தில் என்ன செய்தார்கள் என்பதெல்லாம் அவளுக்கு வேண்டும். செத்தவர்களின் கணக்கை மட்டும் வாங்கிக்கொண்டு வளரும் பிள்ளை, அந்த ஊரைப் பயத்தோடுதான் நினைக்கும்.

ஒரு விஷயம் உங்களுக்காக மட்டும். வீட்டு நினைவு நம்மைப் பற்றிய நல்லதைப் பிடித்துவைத்துக்கொண்டு மற்றதைக் கைவிடும். கங்காணி கொடுமைக்காரன் என்று எல்லோரும் சொல்வார்கள், எங்கள் வீட்டில் ஒரு கங்காணி இருந்தான் என்று சொல்கிறவர் குறைவு. ஒரே லயத்தில் இருந்தும் சாதி பார்த்துத் தண்ணீர் வாங்காதவர்கள் இருந்தார்கள். அப்பாயி வாயில் அப்படி ஏதாவது வந்தால் அதையும் கேட்டுக்கொள்ளுங்கள். அதுவும் உங்கள் குடும்பம்தான்.

இனி உடனே செய்ய வேண்டியது. அப்பாயியின் காலம் நம் கையில் இல்லை. தினம் அவர் தெளிவாக இருக்கும் நேரத்தில், பெரும்பாலும் முற்பகலாக இருக்கும், கால்மணி நேரம் போனில் பதிவு செய்யுங்கள். "அப்புறம் என்ன ஆச்சு?" என்று துருவாமல், "அப்ப என்ன பாட்டுப் பாடுவீங்க?" என்று கேட்டால் பேச்சு தானாக வரும். ஒவ்வொரு பதிவுக்கும் தேதியும் கூட இருந்தவர்கள் பெயரும் எழுதிவையுங்கள். கண்டி இந்தியத் தூதரக அலுவலகத்தில் வாங்கிய கடவுச்சீட்டும் குடும்ப அட்டையும் எந்தப் பெட்டியிலாவது இருக்கும். தேடி எடுத்துப் படம்பிடித்துக்கொள்ளுங்கள், தோட்டத்தின் பெயர் அதில் இருக்கலாம். அங்கேயே தங்கிவிட்ட சித்தப்பா, பெரியம்மா வகையில் யாராவது இருக்கிறார்களா என்று விசாரியுங்கள். 2003-ல் வந்த சட்டத்துக்குப் பின் அவர்கள் அந்நாட்டுக் குடிமக்களாகவே இருப்பார்கள், பேரப்பிள்ளைகள் கையில் வாட்ஸ்அப் இருக்கும். ஆள் கிடைத்தால் அந்த முதல் அழைப்பை அப்பாவையே பேசச் சொல்லுங்கள். மன்னார்க் காட்டு நடைக் கதையை அந்த வீட்டு முதியவரிடமும் கேளுங்கள். அவர் வேறு மாதிரி சொன்னால் எது சரி என்று முடிவுகட்ட வேண்டாம், அதையும் தேதி போட்டுப் பதிவு செய்துகொள்ளுங்கள்.