ஓசு: ஸ்கின்னின் பெயர் வருகிறது, படங்கள் மாறவில்லை

வணக்கம். ஓசு என்ற தாள விளையாட்டின் பழைய ஸ்டேபிள் பதிப்பில், புதிய ஸ்கின்னின் (விளையாட்டின் தோற்றத்தை மாற்றும் கோப்புத் தொகுப்பின்) பெயர் பட்டியலில் வந்தும் வட்டங்களும் கர்சரும் மாறவில்லை என்று எழுதியிருந்தீர்கள். ஜிப் கோப்பை நீங்களே ஸ்கின்ஸ் கோப்புறைக்குள் பிரித்துப் போட்டதாகச் சொல்வதால், கோப்புறைக்குள் இன்னொரு கோப்புறை உருவாகியிருக்கும் என்றே நினைக்கிறேன். விளையாட்டு வெளிக் கோப்புறையின் பெயரைப் பட்டியலில் காட்டிவிடும். ஆனால் ஹிட்சர்க்கிள், கர்சர் முதலிய பிஎன்ஜி படங்களை அந்த மட்டத்திலேயே தேடி, கிடைக்காதவற்றுக்குப் பதிலாகத் தன் இயல்புப் படங்களைச் சத்தமில்லாமல் வைத்துக்கொள்ளும். பிழைச் செய்தி ஏதும் வராததால்தான் பலரும் இதில் குழம்புகிறார்கள்.

அமைப்புகளின் ஸ்கின் பகுதியில், நடப்பு ஸ்கின் கோப்புறையைத் திறக்கும் பொத்தானை அழுத்துங்கள். படங்கள் கண்ணில் படாமல் ஒரு கோப்புறை மட்டும் இருந்தால், அதற்குள் உள்ள அனைத்தையும் ஒரு படி மேலே நகர்த்திவிட்டு, கன்ட்ரோல், ஆல்ட், ஷிஃப்ட், எஸ் ஆகிய நான்கு விசைகளையும் சேர்த்து அழுத்தினால், விளையாட்டை மூடாமலேயே ஸ்கின் மீண்டும் ஏற்றப்படும்.

அடுத்த முறை ஸ்கின்னை, ஓசுவின் ஸ்கின் கோப்பு வகையான ஓஎஸ்கே கோப்பாகவே பதிவிறக்கி இருமுறை சொடுக்குங்கள். அதுவும் பெயர் மாற்றிய ஜிப்தான் என்றாலும், உரிய இடத்தில் வைக்கும் வேலையை விளையாட்டே பார்த்துக்கொள்ளும். ஏதேனும் ஒரு பாடலில் மட்டும் வட்டங்கள் வேறாகத் தெரிந்தால், அது அந்தப் பாடலின் பீட்மேப்போடு, அதாவது அதற்கான ஆட்ட அமைப்புக் கோப்போடு, வந்த ஸ்கின். அதை அமைப்புகளிலேயே அணைத்துவிடலாம்.