40 லட்சமும் 11 லட்சமும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

கணிதவியலாளர் ஜேக்கப் பிரனோவ்ஸ்கி மனிதகுலத்தின் அறிவு வளர்ச்சியைப் பற்றி எடுத்த ‘தி அசென்ட் ஆஃப் மேன்’ ஆவணத்தொடரை அண்மையில் பார்த்தேன். 11ஆவது பகுதியின் இறுதியில், நாஜிகளின் ஆஷ்விட்ஸ் வதைமுகாமின் குளத்தருகே நின்று, இங்கே 40 லட்சம் பேரின் சாம்பல் கொட்டப்பட்டது என்கிறார். அந்த எண்ணிக்கை பிழையானது என்று பிறகு படித்தேன். அங்கேயே பிழை என்றால், மனிதன் மேல் அவர் வைக்கும் நம்பிக்கையை எப்படி ஏற்பது?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

நீங்கள் படித்தது சரி. தொடர் 1973இல் பிபிசியில் ஒளிபரப்பானபோது, சோவியத் விசாரணைக் குழு 1945இல் அறிவித்த அந்த எண்ணிக்கைதான் முகாமின் நினைவுச்சின்னத்திலும் பொறிக்கப்பட்டிருந்தது. எந்தெந்த நாட்டிலிருந்து எத்தனை பேர் ரயில்களில் கொண்டுவரப்பட்டார்கள் என்று ஆவணங்களைக் கொண்டு கணக்கிட்ட பிற்கால ஆய்வாளர்கள், குறிப்பாக அங்குள்ள அருங்காட்சியகத்தின் ஃபிரான்சிஷெக் பைப்பர், ஏறத்தாழ 11 லட்சம் பேர் அங்கே உயிரிழந்தனர், அவர்களில் சுமார் 10 லட்சம் பேர் யூதர்கள் என்று நிறுவினார்கள். யூதப் படுகொலையே நடக்கவில்லை என்பவர்கள் இந்தத் திருத்தத்தைத்தான் இன்றும் ஆயுதமாக ஏந்துகிறார்கள். அது என்னைக் கொதிக்க வைக்கிறது.

அந்தப் பகுதி முழுவதும் பிரனோவ்ஸ்கி பேசுவது அளவீட்டின் பிழையைப் பற்றித்தான். ஒரு துகளின் இடத்தையும் உந்தத்தையும் ஒருசேர முழுத் துல்லியமாக அறிய முடியாது என்று 1927இல் இயற்பியலாளர் ஹைசன்பர்க் முன்வைத்த நிச்சயமின்மைக் கோட்பாட்டைச் சகிப்புத்தன்மைக் கோட்பாடு என்றே அழைக்கலாம் என்கிறார். குளத்தருகே, 1650இல் இங்கிலாந்தின் படைத்தலைவர் குரோம்வெல் ஸ்காட்லாந்துத் திருச்சபைக்கு எழுதிய மன்றாட்டை நினைவுகூர்கிறார்: நீங்கள் தவறியிருக்கக்கூடும் என்று எண்ணிப்பாருங்கள். அந்த மன்றாட்டு அவர் சொன்ன எண்ணிக்கைக்கும் பொருந்தும். இறந்தவர்களின் எண்ணிக்கையைச் சரிபார்க்கச் சிலர் ஆண்டுக்கணக்கில் உழைத்தார்களே, அவர் நம்பிய மனிதர்கள் அவர்கள்தான் என்று நினைக்கிறேன்.

மனிதரின் கொடுமைகளை அவர் வெளியே நின்று குற்றம் சாட்டியவரும் அல்லர். போலந்தில் பிறந்த யூதர். உறவினர் பலரை அந்த முகாமில் இழந்தவர். அதே போரில் பிரிட்டனின் குண்டுவீச்சுக்குக் கணிதம் செய்து கொடுத்துவிட்டு, 1945இன் இறுதியில் நாகசாகியின் அழிவை நேரில் சென்று பார்த்தவர்.

அந்தப் பகுதியின் தொடக்கத்தையும் ஒருமுறை திரும்பப் பாருங்கள். கண் தெரியாத ஒரு பெண், முன்பின் அறியாத ஒருவரின் முகத்தை விரல்களால் தடவித் தடவி, அவர் எப்படிப்பட்டவராக இருக்கலாம் என்று தயங்கித் தயங்கிச் சொல்கிறார். அதைப் பார்த்த கையோடு இறுதிக் காட்சிக்குச் செல்லுங்கள். காலணியைக்கூடக் கழற்றாமல் தண்ணீரில் இறங்கும் பிரனோவ்ஸ்கி, குனிந்து, ஒரு கைப்பிடிச் சேற்றை அள்ளி எடுக்கிறார்.

அன்புடன்.